பக்கவாத்தியமாய் நின்ற பாலையா



கச்சேரியில் பக்கவாத்தியக்காரரின் பெயர் பாடகரின் பெயருக்குப் பின்னர்தான் வரும். ஆயினும் அவர் கை சோர்ந்தால் பாட்டும் சோர்ந்துவிடும். திரைப்படத்தில் துணை நடிகரின் நிலையும் இதுவே. இதற்கு நல்ல சான்று டி. எஸ். பாலையா.

நாடக மேடையிலிருந்து வந்த பாலையாவின் முதற்படம் 1936இல் வெளியான ‘சதி லீலாவதி’. எஸ். எஸ். வாசன் எழுதிய கதை. இயக்கியவர் அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன். கதாநாயகனைக் குடிக்குப் பழக்கிக் கெடுக்கும் நண்பனாகப் பாலையா நடித்தார். கெட்டழிந்த அந்த நாயகன், கொலைப்பழிக்கு அஞ்சி இலங்கைக்கு ஓடிவந்து, தேயிலைத் தோட்டத்தில் கூலியாளாக உழைக்கிறான். மலையகத்தவராகிய நமக்கு இப்படத்தில் இன்னோர் உறவும் உண்டு. கண்டியை அடுத்த நாவலப்பிட்டியில் பிறந்த எம். ஜி. ஆர். முதன்முதலில் திரையில் தோன்றியதும் இதிலேதான். சிறியதொரு பொலிஸ் அதிகாரி வேடம். பதினொரு ஆண்டுகளின் பின் 1947இல் ‘ராஜகுமாரி’ அவரைக் கதாநாயகனாக்கியது. பாலையாவோ பெரும்பாலும் துணைப் பாத்திரங்களிலேயே நிலைத்து, அதையே தம் பெருமையாக்கிக் கொண்டார்.

‘அம்பிகாபதி’யில் (1937) வில்லன், அண்ணாவின் ‘வேலைக்காரி’யில் (1949) நாயகனுக்கு வழிகாட்டும் நண்பன். பின்னர் நகைச்சுவையும் அவருக்குக் கைவந்தது. ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) மகனாக வரும் நாகேஷ் பேய்க்கதை சொல்கிறார், தந்தையான பாலையா கேட்கிறார். கதையில் வரும் பேயை நாம் காண்பது பாலையாவின் முகத்திலேதான். சொல்பவருக்கு வசனம் துணை நிற்கும். கேட்பவருக்குக் கண்ணும் மூச்சுமே துணை. கேட்பதும் ஒரு நடிப்பு என்பதை அக்காட்சி நமக்குக் கற்பிக்கிறது.

ஏ. பி. நாகராஜனின் ‘திருவிளையாடல்’ (1965) இதனை இன்னும் தெளிவாக்கும். பரஞ்சோதி முனிவரின் விறகு விற்ற படலத்தில் வரும் ஏமநாதன், படத்தில் ஹேமநாத பாகவதராகிறான். பாலமுரளிகிருஷ்ணாவின் குரலுக்கு வாயசைத்துப் பாண்டியன் அவையில் பாலையா காட்டும் செருக்கு சாதாரணமானதன்று. அந்தச் செருக்கு, விறகு வெட்டியாக வந்த இறைவனின் பாட்டைக் கேட்டு நொறுங்குகிறது. பாட்டின் பெருமையை யாரும் நமக்கு எடுத்துரைக்க வேண்டியதில்லை. தோற்றவனின் முகமே சொல்லிவிடுகிறது. இறைவனாக வந்த சிவாஜியின் வெற்றியில் பாதி பாலையாவின் தோல்வியால் விளைந்தது. புராணமும் ஏமநாதன் செவி வழியாகவே அப்பாட்டின் உயர்வை உணர்த்துகிறது. அந்த இலக்கிய நுட்பத்தைப் பாலையா தம் உடலால் எழுதிக் காட்டினார் எனலாம்.

‘தில்லானா மோகனாம்பாள்’ (1968) படத்தில் சிவாஜியின் நாதஸ்வரத்துக்குத் தவில் வாசிப்பவராக வந்தார் பாலையா. அவரது கலைவாழ்வு முழுவதற்கும் அவ்வேடமே பொருத்தமான உருவகம்.

1972இல் அவர் மறைந்தார். கதாநாயகர்களுக்கு மன்றங்கள் எழுந்தன. துணை நடிகர்களுக்கோ இரசிகரின் நினைவு ஒன்றே மன்றம். ஆதலால், அடுத்த முறை இப்படங்களைப் பார்க்கும்போது, நாயகன் பேசும் வேளையில் உங்கள் கண்களைச் சற்று அவர் பக்கத்தில் நிற்பவர் மீதும் திருப்புங்கள். கலையில் பாதி அங்கேதான் நிகழ்கிறது.