பதிவேடு சொல்வதைத்தான் கணினியும் சொல்லும்

1993-ஆம் ஆண்டு. இன்றைய அரியலூர் மாவட்டத்து மீன்சுருட்டி பகுதியில் அடையாளம் தெரியாத ஓர் உடல் கிடந்தது. விருத்தாசலம் பக்கம் திருட்டுப் புகாரில் போலீசார் பிடித்துப்போன குறவர் சமூகத் தொழிலாளியின் உடல் அது எனப் பின்னர் தெரியவந்தது. ‘ஜெய் பீம்’ படத்துக்கு மூலமான வழக்கு இதுதான்.

திருட்டு நடந்தால் சந்தேகம் ஏன் சில தெருக்களுக்கே முதலில் போகிறது? 1871-இல் பிறந்த குற்றப் பரம்பரைச் சட்டம் 1911-இல் சென்னை மாகாணத்துக்கு வந்தது. இன்னார் குற்றம் செய்வார் என்று பிறப்பை வைத்தே கணித்தது. கைரேகை எடுத்துப் பதிவேட்டில் ஏற்றியது. 1947-இல் இங்கே சட்டம் ஒழிந்தது, சந்தேகம் ஒழியவில்லை.

அந்தக் கணிப்பு வேலை இப்போது கணினிக்குப் போகிறது. பழைய வழக்குகள், கைதுகள், அவசர அழைப்புகள் ஆகியவற்றை வைத்து அடுத்த குற்றம் எங்கே நடக்கும், யார் செய்வார் என்று அது ஊகிக்கிறது. டெல்லி காவல்துறையின் ‘சிமேப்ஸ்’ இந்த வகையைச் சேர்ந்தது.

சிக்கல் எங்கே? ரோந்து போகும் தெருவில் சிக்கும் சீட்டாட்டம் வழக்காகிறது. போகாத தெருவில் நடப்பது ஏட்டில் ஏறுவதில்லை. கணினி படிப்பது அந்த ஏட்டைத்தான். அதனால் மறுபடி அதே தெருவைக் காட்டும்; அங்கே மேலும் போலீஸ் போகும், மேலும் வழக்குகள் சேரும்.

இதனால்தான் அமெரிக்காவின் சான்டா குரூஸ் நகரம் 2020-இல் இம்முறைக்குத் தடை போட்டது. ஒருவர் குற்றம் செய்வாரா என்பதை அவரது குணநலன், பின்னணி ஆகியவற்றை மட்டுமே வைத்துக் கணிப்பதை ஐரோப்பிய ஒன்றியம் 2025 பிப்ரவரி முதல் தடை செய்திருக்கிறது.

கணிப்பே கூடாது என்பதில்லை. அரியலூரில் சுண்ணாம்புக்கல் லாரிகள் ஓடும் சாலையில் எந்த வளைவில் விபத்து மிகும் என்று கணினி சொன்னால் உயிர் பிழைக்கும். யார்மீதும் களங்கம் ஒட்டாது. ஆளைக் குறிவைக்கும்போதுதான் அது பழைய சட்டத்தின் மறுபிறவி ஆகிறது.

பின்தங்கிய சமூகத்தில் பிறந்தார் என்பதற்காக அப்பாவிகளைக் காவல் நிலையத்தின் சரித்திரப் பதிவேட்டில் இயந்திரத்தனமாக ஏற்றக் கூடாது என்பதை மாநிலங்கள் உறுதிசெய்ய வேண்டும் என 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் அறிவுறுத்தியது. கணினி வாங்குமுன் காவல் நிலையங்கள் செய்ய வேண்டிய முதல் வேலை, அந்தப் பதிவேட்டைத் திருத்துவதுதான்.