‘மெட்ரோவுக்குப் பத்து நிமிடம்’

பூந்தமல்லியைத் தாண்டி ஒரு மனை. இப்படியொரு விளம்பரத்தை நம்பி முன்பணம் கொடுக்கலாமா என்று முன்னாள் மாணவர் ஒருவர் கேட்டார். பொருளியல் கற்பித்தவனிடம் சோதிடம் கேட்பார்கள்! அவர் கையிலிருப்பதோ மகளின் படிப்புக்கெனச் சேர்த்த பணம்.

பூந்தமல்லி மெட்ரோ வெறும் பேச்சன்று. கலங்கரை விளக்கம் வரையிலான 26.1 கி.மீ. தடத்தின் தூண்களைப் போரூர்ச் சாலையில் எவரும் காணலாம். அதற்கே 2020-இல் அடிக்கல் நாட்டப்பட்டு, இரண்டாம் கட்டத்தின் 63,246 கோடி ரூபாய்க்கு மத்திய அமைச்சரவை ஒப்புதல் கிடைத்தது 2024 அக்டோபரில்தான். விளம்பரம் குறிப்பிடுவதோ பரந்தூர் வரை நீளவிருக்கும் தடத்தை. திட்ட அறிக்கைக்கும் தூணுக்கும் இடைப்பட்ட ஆண்டுகளுக்கும் சேர்த்தே விலை கேட்கிறார்கள்.

2016-ஆம் ஆண்டின் ரியல் எஸ்டேட் சட்டம் இந்த வேறுபாட்டை அறியும். பதிவு செய்த ஒப்பந்தமின்றி விலையில் 10 சதவீதத்துக்கு மேல் பெறக்கூடாது. வாங்குவோர் தரும் பணத்தில் 70 சதவீதம் தனிக்கணக்கில் இருக்க வேண்டும். விளம்பரத்திலேயே பதிவு எண் இடம்பெற வேண்டும். அவர் காட்டிய துண்டறிக்கையில் அந்த எண் இல்லை.

“மெட்ரோவே வராதென்றால் இம்மனைக்கு என்ன விலை தருவீர்கள்?” என்று கேட்டேன். சற்று யோசித்து, பாதிக்கும் குறைவாகச் சொன்னார்.