மணமுறிவும் மனைவியின் உடைமையும்

திருமணம் முறியும்போது நீதிமன்றத்தின் முன் இரண்டு வினாக்கள் எழுகின்றன. அப்பெண் இனி எதைக் கொண்டு வாழ்வாள் என்பது ஒன்று. அவளுக்குரிய உடைமை எது, அது இப்போது யார் கையில் உள்ளது என்பது மற்றொன்று. முதல் வினாவுக்கு ஜீவனாம்சம் விடையாகிறது. அது மனைவியின் தேவையையும் கணவனின் வருவாயையும் பொறுத்தது. இரண்டாம் வினா உரிமையைப் பற்றியது. அதற்கு வறுமையை மெய்ப்பிக்க வேண்டியதில்லை. இவ்விரண்டும் ஒன்றோடொன்று எவ்வளவு நெருங்கிப் பின்னியவை என்பதைத் திருவனந்தபுரத்தைத் தலைநகராகக் கொண்டிருந்த திருவாங்கூர் நாட்டுக் கிறிஸ்தவர்களின் சட்ட வரலாறு நன்கு உணர்த்துகிறது.

பழைய சட்டம்

கொல்லம் ஆண்டு 1092இல், அதாவது 1916இல், திருவாங்கூர் கிறிஸ்தவ வாரிசுரிமைச் சட்டம் இயற்றப்பட்டது. உயில் எழுதாமல் தந்தை இறந்தால், மகனுடைய பங்கின் மதிப்பில் நான்கில் ஒரு பகுதி அல்லது 5,000 ரூபாய், இவற்றுள் எது குறைவோ அதுவே மகளுக்கு உரியது என அது விதித்தது. 'ஸ்திரீதனம்' முன்பே கொடுக்கப்பட்டிருந்தாலும், கொடுப்பதாக வாக்களிக்கப்பட்டிருந்தாலும் அவள் வேறொன்றும் கோர இயலாது. அசையாச் சொத்தில் விதவைக்கு இருந்த உரிமையும் ஆயுட்கால உரிமையே. மறுமணத்துடன் அது அற்றுவிடும்.

இவ்விதிக்கு விலக்கும் இருந்தது. திருவனந்தபுரம், நெய்யாற்றின்கரை, சிறயின்கீழ், கொல்லம் முதலிய தாலுகாக்களில், ஆணும் பெண்ணும் சமபங்கு பெறும் வழக்கமுடைய லத்தீன் கத்தோலிக்கர், புராட்டஸ்டண்டுகளுள் சில பிரிவினருக்கு இவ்விதி பொருந்தாது எனச் சட்டமே கூறியது. ஆகவே, சமபங்கு அம்மண்ணுக்கு அந்நியமான கருத்தன்று.

மற்றவரிடையே, ஸ்திரீதனமே மகளின் பரம்பரைச் சொத்துக்கு ஈடாக நின்றது. ஆனால், நடைமுறையில் அத்தொகை சென்றடைந்தது கணவனின் குடும்பத்தை. மணவாழ்வு நிலைத்தவரை இது வெளியில் தெரியவில்லை. முறிந்தபோதோ, பிறந்த வீட்டார், "உன் பங்கைக் கொடுத்தாயிற்று" என்றனர்; புகுந்த வீட்டில் அது செலவாகியிருந்தது. இரு வீட்டிலும் இடமற்றவளாகப் பெண் நின்றாள்.

1986ஆம் ஆண்டுத் தீர்ப்பு

இந்நிலையை எதிர்த்து வழக்காடியவர் கோட்டயத்தைச் சேர்ந்த கல்வியாளர் மேரி ராய். கணவரைப் பிரிந்து, குழந்தைகளுடன் உதகமண்டலத்தில் தந்தைக்குரிய வீட்டில் தங்கியிருந்த அவரை, அவ்வீட்டை விட்டு வெளியேறுமாறு பிறந்த குடும்பமே நெருக்கியது. பின்னர், தந்தையின் சொத்தில் சமபங்கு கோரி அவர் உச்ச நீதிமன்றத்தை அணுகினார்.

1951 ஏப்ரல் 1 முதல் 'ஆ' பகுதி மாநிலங்களுக்கு மத்தியச் சட்டங்கள் விரிவாக்கப்பட்டபோதே திருவாங்கூர்ச் சட்டம் நீங்கிவிட்டது என்றும், 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டமே பொருந்தும் என்றும் 1986 பிப்ரவரி 24 அன்று நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இதன்படி, உயிலின்றி இறந்தவருக்கு மனைவியும் மக்களும் இருப்பின், மனைவிக்கு மூன்றில் ஒரு பங்கு போக எஞ்சியது மகனுக்கும் மகளுக்கும் சமமாகப் பிரியும். 1956 வரை திருவாங்கூர்ப் பகுதியில் இருந்த கன்னியாகுமரி மாவட்டத்திற்கும் இத்தீர்ப்பின் பயன் கிட்டியது.

மணமுறிவை எதிர்நோக்கும் பெண்ணுக்கு இதன் பொருள் பெரிது. விவாகரத்துடன் கணவனின் வாரிசு என்னும் நிலை போய்விடுகிறது. மகள் என்னும் நிலை போவதில்லை. எனினும், தந்தை உயில் எழுதி மகளை விலக்கச் சட்டம் இடந்தருகிறது.

ஜீவனாம்சம்

1869ஆம் ஆண்டு இந்திய விவாகரத்துச் சட்டத்தில், வழக்கு நடைபெறும் காலத்து ஜீவனாம்சம் கணவனின் முந்தைய மூன்றாண்டுச் சராசரி நிகர வருவாயில் ஐந்தில் ஒன்றை விஞ்சலாகாது என்ற வரம்பு இருந்தது. கணவன் பிறன்மனை உறவை மட்டும் காட்டினால் போதும். மனைவியோ அதனுடன் கொடுமை, கைவிடல் போன்ற பிறிதொன்றையும் மெய்ப்பிக்க வேண்டும். இவ்வேற்றுமையைக் கேரள உயர் நீதிமன்றம் 1995இல் களைந்தது. 2001இல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, இருபாலர்க்கும் ஒத்த காரணங்களை வகுத்தது. ஐந்தில் ஒரு பங்கு வரம்பை நீக்கியது. பரஸ்பர சம்மத விவாகரத்தையும் சேர்த்தது. இடைக்கால மனுக்களை இயன்றவரை 60 நாட்களுக்குள் முடிக்க வேண்டும் என்பதும் அதில் உண்டு.

விவாகரத்து வழக்குத் தொடராமலே ஜீவனாம்சம் கோரவும் வழியுண்டு. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவில் இருந்த மாதம் 500 ரூபாய் உச்சவரம்பு 2001இல் நீக்கப்பட்டது. 2024 ஜூலை 1 முதல் அவ்விடத்தைப் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவு பெற்றுள்ளது. இரு தரப்பினரும் சொத்து, வருவாய் விவரங்களைப் பிரமாணப் பத்திரத்தில் அளிக்க வேண்டும் என்றும், மனுச் செய்த நாள் முதலே தொகை வழங்கப்பட வேண்டும் என்றும் உச்ச நீதிமன்றம் 2020இல் நெறிப்படுத்தியது.

சொத்தை மீட்டல்

மணமுறிந்தால் கணவனின் சொத்தில் மனைவிக்குத் தானாகவே பாதி வந்துவிடும் என்று பலர் எண்ணுகின்றனர். நம் நாட்டுச் சட்டத்தில் அத்தகைய பொது விதி இல்லை. அவள் கோரக்கூடியது தன்னுடையதையே: தன் பெயரிலுள்ள நிலம், தான் செலுத்திய பணம், தன் நகை, தன் பொருட்டு ஒப்படைக்கப்பட்ட தொகை. வரதட்சணை கொடுப்பதும் பெறுவதும் 1961ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம். எனினும், பிறர் கையில் சேர்ந்த வரதட்சணையை அவர் குறித்த காலத்துக்குள் மணமகளிடம் ஒப்படைக்க வேண்டும், அதுவரை அவள் பொருட்டே வைத்திருக்க வேண்டும் என அதே சட்டத்தின் 6ஆம் பிரிவு பணிக்கிறது.

இத்தகைய வழக்குகளைக் குடும்ப நீதிமன்றமே விசாரிக்கும். 1984ஆம் ஆண்டுக் குடும்ப நீதிமன்றச் சட்டம் தம்பதியரின் சொத்துப் பூசல்களையும் ஜீவனாம்சத்தையும் ஒரே மன்றத்தின்கீழ்க் கொணர்ந்தது. திருவனந்தபுரத்திலும் அத்தகைய நீதிமன்றம் இயங்குகிறது.

இடர்ப்பாடு சான்றில்தான் உள்ளது. மணநாளில் எவரும் நகைக்கு ரசீது எழுதி வாங்குவதில்லை. புகுந்த வீட்டில் நகையைக் கொடுப்பதும் நான்கு சுவர்களுக்குள் நிகழ்வது. இதனைக் கருதி, குற்றவியல் வழக்கிற்குரிய கண்டிப்பான சான்றை இத்தகைய வழக்குகளில் எதிர்பார்க்கலாகாது என்று கேரள உயர் நீதிமன்றம் 2025இல் கூறியது. ஆயினும், நகைக்கடைப் பட்டியல், வங்கிக் கணக்கு, திருமணப் புகைப்படம், பத்திரப் பதிவு ஆகியவை பாதுகாக்கப்பட்டால் வழக்கு வலுப்பெறும்.

ஜீவனாம்சத்தை ஆணையிடுவது எளிது. மாதந்தோறும் வசூலிப்பது அரிது. தன் பெயரில் உடைமையுள்ள பெண் அந்தத் தவணைக்காக மட்டும் காத்திருக்க வேண்டியதில்லை. ஆகவே, மகளுக்குரியதை அவள் பெயரிலேயே பதிவு செய்து கொடுப்பது குடும்பங்களின் கடமை. உரிமையையும் அதற்கான ஆவணங்களையும் மக்களுக்கு எடுத்துரைப்பது அலுவலர்களின் கடமை. நீதிமன்றம் நெடுங்காலம் முயன்று தேடித்தரும் பாதுகாப்பை, திருமணத்தின்போதே எழுதப்படும் ஒரு பத்திரம் தந்துவிடக்கூடும்.