பட்டாளப் பயிற்சி கொடுத்தால் திருடன் திருந்துவானா?
அமெரிக்கா நடத்திய பெரிய சோதனை

"கொஞ்ச நாள் பட்டாளத்தில் போட்டால் பையன் உருப்பட்டு விடுவான்!"

அடங்காத பிள்ளையைப் பற்றி இப்படிப் பேசாத ஊர் உண்டா? அமெரிக்காவிலும் இதே பேச்சுதான். அங்கே அதைச் செய்தே பார்த்துவிட்டார்கள்!

1983-ம் ஆண்டில் ஜார்ஜியா, ஓக்லஹோமா ஆகிய 2 மாநிலங்களில் இது தொடங்கியது. சிறைக்கூடங்களில் கைதிகள் நிரம்பி வழிந்த காலம் அது. முதல் தடவையாகக் குற்றம் செய்து அகப்பட்ட வாலிபர்களைப் பிரித்து எடுத்தார்கள். நீண்ட காலச் சிறைவாசத்துக்குப் பதில், சில மாதம் பயிற்சி முகாமுக்கு அனுப்பினார்கள்.

முகாமில் என்ன நடந்தது?

பொழுது விடியுமுன் எழுந்திருக்க வேண்டும். தலைமயிரை ஒட்ட வெட்டி விடுவார்கள். பிறகு அணிவகுப்பு, ஓட்டம், கடும் உழைப்பு. அதிகாரி கேட்டால் உரத்த குரலில் "ஐயா" போட்டுப் பதில் சொல்ல வேண்டும். தவறு செய்தால் அந்த இடத்திலேயே தண்டால் எடுக்க வேண்டும். 3 மாதம் முதல் 6 மாதம் வரை இதே வாழ்க்கைதான்.

இந்தத் திட்டம் வேகமாகப் பரவியது. 1995-ம் ஆண்டில் பெரியவர்களுக்காக மட்டும் மாநில அரசுகள் 75 முகாம்களை நடத்தின. சிறுவர்களுக்குத் தனி முகாம்கள் இருந்தன.

பலன் கிடைத்ததா?

முகாமுக்குப் போனவர்களையும் போகாத கைதிகளையும் ஆராய்ச்சியாளர்கள் ஒப்பிட்டுப் பார்த்தார்கள். 32 ஆராய்ச்சிகளைத் திரட்டி 2005-ம் ஆண்டில் ஓர் அறிக்கை வெளிவந்தது. மீண்டும் குற்றம் செய்தவர்கள் இரு பக்கத்திலும் ஏறக்குறைய ஒரே அளவுதான்!

காரணம் என்ன? முகாமில் அதிகாரியின் அதட்டல் இருந்தது. வெளியே வந்தால் அது இல்லை. அதே தெரு, அதே கூட்டாளிகள், அதே போதைப் பழக்கம். தண்டால் எடுக்கப் பழகியவனுக்குப் பிழைக்க ஒரு தொழில் தெரியவில்லை.

பணமாவது மிச்சமா? சிறைக்கே போக வேண்டியவனை முகாமில் வைத்து, சீக்கிரம் விடுதலை செய்தால் மிச்சம்தான். எச்சரித்து விட்டுவிடக்கூடிய பையனைப் பிடித்து முகாமில் போட்டால் வீண் செலவு!

ஒரு சிறுவனின் சாவு

2006-ம் ஆண்டு ஜனவரி மாதம் புளோரிடா மாநிலத்தில் ஒரு கொடுமை நடந்தது. முகாமுக்கு வந்த 14 வயதுச் சிறுவன் ஓட முடியாமல் நின்று விட்டான். காவலர்கள் அவனைச் சூழ்ந்துகொண்டு அடித்தார்கள். மறுநாள் ஆஸ்பத்திரியில் அவன் உயிர் பிரிந்தது. நடந்தது முழுவதும் காமிராவில் பதிவாகியிருந்தது.

ரத்தத்தில் இருந்த கோளாறே காரணம் என்றது முதல் பிரேத பரிசோதனை. வாயைப் பொத்தி, அம்மோனியாவை முகரச் செய்ததால் மூச்சுத் திணறி இறந்தான் என்றது இரண்டாவது பரிசோதனை. 7 காவலர்கள் மீதும் ஒரு நர்சு மீதும் வழக்கு நடந்தது. 2007-ல் எல்லோரையும் ஜூரிகள் விடுதலை செய்தார்கள். ஆனால் புளோரிடாவில் அத்தகைய சிறுவர் முகாம்களுக்கு 2006-லேயே சட்டம் முடிவு கட்டிவிட்டது.

எது உதவியது?

நியூயார்க் மாநிலம் 1987-ல் தொடங்கிய முகாமில் பயிற்சியோடு படிப்பும், போதையை விடச் சிகிச்சையும் கொடுத்தார்கள். விடுதலைக்குப் பிறகும் கண்காணித்து உதவினார்கள். அணிவகுப்பைவிட இத்தகைய உதவிகளே முக்கியம் என்பது ஆராய்ச்சியாளர் பலரின் முடிவு.

அதட்டினால் பையன் அடங்குவான். ஆனால் அடங்குவது வேறு, திருந்துவது வேறு. வெளியே வருகிறவனுக்கு ஒரு வேலையும், அவனை நம்பி ஏற்றுக்கொள்ள நாலு பேரும் வேண்டும். அவை இல்லாவிட்டால் சிறையும் வீண், முகாமும் வீண்!