வீதிக்கு வந்த விஞ்ஞானம்

ஒரு பேராசிரியர் ஆராய்ச்சிச் சாலையிலே பல்லாண்டு பாடுபட்டுக் கண்டறிந்த உண்மை, அவரைப் போன்ற சிலரே படிக்கும் ஏடொன்றில் அச்சேறி அங்கேயே அடங்கிவிடுவதுண்டு. கூத்துக்காரனின் பாட்டோ ஓரிரவில் ஊரெங்கும் பரவிவிடும். இவ்விருவரும் ஒரே பாயில் அமர்ந்து வேலை செய்தால் என்ன விளையும்? இதனைச் செய்து காட்டியவர்கள் நம் அண்டை நாட்டாராகிய மலையாளிகள். அவ்வரலாற்றின் ஓர் அத்தியாயம் நாம் பிழைக்க வந்திருக்கும் இந்தப் போபால் நகரிலேயே நிகழ்ந்தது. நம் சங்கத்து இளைஞர் பலர் அதனை அறியார்.

1962ஆம் ஆண்டு கோழிக்கோட்டில் கேரள சாஸ்திர சாகித்திய பரிஷத் தோன்றியது. தாய்மொழியில் விஞ்ஞானம் எழுத வேண்டும் என்பதே அதன் முதல் நோக்கம். 1977இல் அன்பர்கள் வடகோடியிலிருந்து தென்கோடிவரை ஊர் ஊராகச் சென்று பேசினார்கள். ஆயினும் பேச்சு எத்துணை நன்றாயிருப்பினும், பகலெல்லாம் கயிறு திரித்துக் களைத்தவர் எவ்வளவு நேரம்தான் நின்று கேட்பார்? 1980இல் ‘சாஸ்திர கலா ஜாதா’ புறப்பட்டது. ஜாதா என்றால் ஊர்வலம்.

அதன் ஏற்பாடுகளைச் சிறிது விரிவாகவே கூற விரும்புகிறோம். முதலில் ஒரு முகாம். அங்கே பேராசிரியர்களும் கவிஞர்களும் நாடகக்காரர்களும் ஒருங்கே கூடுவர். குடிநீர், நோய், மருந்து வியாபாரம், காடு, மூடநம்பிக்கை என்று பொருளைப் படித்தவர் எடுத்துரைக்க, அதனைப் பாட்டாகவும் சிறு நாடகமாகவும் கலைஞர் ஆக்குவர். பிறகு நடிப்போர் பயிற்சி பெறுவர். அவர்களிற் பலர் தொழில்முறை நடிகர் அல்லர். ஆசிரியரும், மாணவரும், நம்மைப் போன்ற குமாஸ்தாக்களுமே. திரையில்லை, மேடையில்லை, ஒப்பனையில்லை. சந்தை முனையிலும் பள்ளி வாயிலிலும் கொட்டு முழங்கிய உடனே கூட்டம் வட்டமாகக் கூடிவிடும். ஒரே நாளில் பல ஊர்கள். சாப்பாடு அவ்வவ்வூர் அன்பர் இல்லங்களில். செலவுக்கு உண்டியல் குலுக்கவில்லை. பரிஷத்தின் புத்தகங்களை விற்றே பணம் திரட்டினார்கள். இவ்வேற்பாடு நம் மனத்தை மிகவும் கவர்ந்தது. வேடிக்கை பார்க்க வந்தவர் கையில் ஒரு நூலுடன் வீடு திரும்பினார் அன்றோ!

பெர்டோல்ட் பிரெக்ட் என்ற ஜெர்மானியக் கவிஞரின் பாட்டொன்று, பசித்தவனைப் புத்தகம் எடுக்கச் சொல்வது, மலையாளமாகி அவ்வியக்கத்தின் கீதம் போலவே ஆயிற்று. ஜெர்மானியர் பாட்டு கேரளத்து வீதிக்கு வந்த விந்தையை என்னென்பது!

இனி நம் ஊர்ச் செய்தி. 1984 டிசம்பர் 2ஆம் நாள் நள்ளிரவில் யூனியன் கார்பைடு ஆலையின் விஷவாயு இந்நகரைச் சூழ்ந்ததும், ஆயிரக்கணக்கானோர் மாண்டதும் நாம் அறிந்ததே. ஈரத்துணியால் முகத்தை மூடிக்கொண்டால் ஓரளவு காப்பாகும் என்ற சிறு விஷயத்தைக்கூட, ஆலையை அடுத்த குடிசைகளில் வாழ்ந்த மக்களுக்கு முன்னதாக எவரும் சொல்லி வைக்கவில்லை. அறிவு மதிலுக்குள்ளே இருந்தது. நஞ்சுதான் மதிலைத் தாண்டி வந்தது. மூன்றாண்டு சென்று, 1987 அக்டோபர் 2ஆம் நாள், தேசத்தின் ஐந்து திசைகளிலிருந்து ‘பாரத ஜன விஞ்ஞான ஜாதா’ புறப்பட்டது. ஐந்து அணிகளும் பாடியும் ஆடியும் வந்து நவம்பர் 7ஆம் நாள் கூடிய இடம் இந்தப் போபால். அந்நாள் திருச்சிராப்பள்ளியில் பிறந்த சர் சி. வி. ராமனின் பிறந்தநாளும் ஆகும்.

பின்பு இக்கலை எழுத்தறிவுப் பணியில் இறங்கியது. எர்ணாகுளம் மாவட்டத்தில் ஊதியமின்றிக் கற்பித்தோர் இருபதினாயிரத்திற்கும் மேற்பட்டவர். 1990 பிப்ரவரியில் அம்மாவட்டம் முழு எழுத்தறிவு பெற்றதாக அறிவிக்கப்பட்டது. 1991 ஏப்ரல் 18ஆம் நாள் கோழிக்கோட்டில் மாநிலம் முழுவதற்குமான அறிவிப்பைச் செய்தவர் மந்திரியல்லர். புதிதாக எழுத்துக் கற்ற சேலக்கோடன் ஆயிஷா என்னும் அம்மையார். வடநாட்டிலும் இதனைப் பரப்ப எழுந்த பாரத ஞான விஞ்ஞான சமிதிக்குத் தலைமை பூண்டவர் நம் வேலூரில் பிறந்த பொருளியல் அறிஞர் மால்கம் ஆதிசேஷையா. தமிழகத்திலோ அறிவொளி இயக்கம் புதுக்கோட்டையில் பாட்டும் நாடகமுமாகப் பரவியது. கல்குவாரிப் பெண்கள் எழுத்தோடு சைக்கிளும் கற்றார்கள். பெண்கள் சைக்கிள் கிடைக்காதபோது ஆண்கள் சைக்கிளிலேயே ஏறிச் சென்றார்களாம்!

குறையும் உண்டு. பாட்டுக்கு அடங்குமாறு உண்மையைச் சுருக்கும்போது சில வேளைகளில் அதன் நுட்பம் போய்விடும். வெறும் கோஷம் மிஞ்சும். ஊர்வலம் போன பின் தொடர்ந்து கற்பிப்பார் இல்லாத இடங்களில், கற்ற எழுத்தும் மறந்து போயிற்று. கொட்டு முழக்கம் கூட்டத்தைக் கூட்டும். மறுநாள் காலையில் சிலேட்டோடு வந்து உட்காருபவர் ஒருவர் வேண்டுமே.

நம் வீட்டுப் பிள்ளைகள் பள்ளியில் விஞ்ஞானத்தை ஹிந்தியிலோ ஆங்கிலத்திலோ படிக்கிறார்கள். தமிழ் அவர்களுக்குச் சோறும் குழம்பும் கேட்கும் மொழியாகச் சுருங்கி வருகிறது. கிரகணம் ஏன் வருகிறது என்று பாட்டியார் கேட்டால் பேரனுக்கு விடை தெரியும். சொல்லத் தமிழ்தான் இல்லை. நம் சங்கத்திலோ பெல் தொழிற்சாலை இஞ்சினீயர்களும் கல்லூரி ஆசிரியர்களும் இருக்கிறார்கள். மிருதங்கம் வாசிப்போரும், வில்லுப்பாட்டில் தேர்ந்த நெல்லைச் சீமையாரும் இருக்கிறார்கள். ஆண்டுவிழாவில் ஒருசாரார் முன்வரிசையில் அமர, மறுசாரார் மேடையேறுவதே வழக்கம். இவ்விரு சாராரும் பொங்கலுக்கு முன் நான்கு ஞாயிற்றுக்கிழமைகள் சேர்ந்து உட்கார்ந்து, அரைமணி நேர வில்லுப்பாட்டு ஒன்றை ஆக்கித் தரலாகாதா? கிரகணமே முதற்பொருளாகட்டும். குடத்துக்கும் உடுக்குக்கும் நம் காலனியிலேயே ஆளுண்டு. சினிமாப் பாட்டு நடனங்களில் இரண்டைக் குறைத்தால் நேரமும் கிடைக்கும். பிள்ளைகளை அனுப்ப விரும்பும் பெற்றோர் சங்கக் காரியதரிசியிடம் பெயர் கொடுக்கலாம்.