பக்ஸ் பன்னிக்குப் பேசிய மனிதர்

ஆடாசிட்டி சாஃப்ட்வேரில் உங்கள் குரலைப் பதிவு செய்து, வேகத்தைக் கொஞ்சம் கூட்டிக் கேட்டுப் பாருங்கள். கீச்சுக் கீச்சென்று ஒலிக்கும். இரண்டு கிளிக் வேலைதான். கம்ப்யூட்டர் இல்லாத 1930களிலேயே ஹாலிவுட் கார்ட்டூன்காரர்கள் இதைச் செய்தார்கள். ஃபிலிமை மெதுவாக ஓடவிட்டுக் குரலைப் பதிந்து, பிறகு வழக்கமான வேகத்தில் ஓட்டினார்கள். டாஃபி டக் என்ற வாத்தின் குரல் அப்படி வந்ததுதான். பேசியவர் மெல் பிளாங்க். 1908-ல் சான் பிரான்சிஸ்கோவில் பிறந்தவர். ரேடியோவில் பல குரல்களில் பேசிப் பழகியவர்.

வார்னர் பிரதர்ஸ் கார்ட்டூன்களில் போர்க்கி என்ற திக்கிப் பேசும் பன்றி உண்டு. 1935 முதல் அதற்குக் குரல் கொடுத்த ஜோ டோஹர்ட்டிக்கு நிஜமாகவே திக்குவாய். எந்த வார்த்தையில் திக்கும் என்பது அவர் கையில் இல்லை. ஒரே வசனத்தைத் திரும்பத் திரும்பப் பதிந்ததில் ஃபிலிம் செலவு எகிறியது. அழித்துவிட்டு மறுபடி பதிய அது ஹார்ட் டிஸ்க் அல்லவே! 1937-ல் அவரை மாற்றிவிட்டு, வேண்டிய இடத்தில் மட்டும் திக்கத் தெரிந்த பிளாங்கைப் போட்டார்கள். போர்க்கிக்குத் திக்கலைத் தந்தவரே வெளியே போனது எனக்கு இன்னும் உறுத்துகிறது.

1940-ல் 'எ வைல்ட் ஹேர்' படத்தில் பக்ஸ் பன்னி முயல் வந்தது. பிளாங்குக்கு எங்கேயோ போகும் மவுசு. சம்பளத்தைக் கூட்டிக் கேட்டாராம். தயாரிப்பாளர் லியோன் ஷ்லெசிங்கர் மறுத்தாராம். சரி, திரையில் பெயராவது போடுங்கள் என்று கேட்டு வாங்கினார். குரல் கலைஞர்களின் பெயரே திரையில் வராத காலம் அது.

ஆனால், பெயர் வந்தது அவருக்கு மட்டும்தான். பக்ஸைத் துப்பாக்கியோடு துரத்தும் எல்மர் ஃபட்டுக்குப் பேசியவர் ஆர்தர் க்யூ. பிரையன். அவர் பெயர் திரையில் இல்லை. எல்லாமே பிளாங்கின் குரல்தான் என்று ரசிகர்கள் நம்பினார்கள். பத்துப் பேர் சேர்ந்து எழுதிய புரோகிராமின் 'அபவுட்' விண்டோவில் ஒருவர் பெயர் மட்டும் இருந்தால் எங்களுக்கு எப்படி இருக்கும், சொல்லுங்கள்.

பிளாங்கின் உழைப்பில் குறை சொல்ல முடியாது. 1961-ல் பெரிய கார் விபத்தில் சிக்கியவர், உடம்பெல்லாம் மாவுக்கட்டோடு படுத்தபடியே 'தி ஃபிளின்ட்ஸ்டோன்ஸ்' தொடருக்குப் பேசினார். ரெக்கார்டிங் கருவிகள் அவர் படுக்கையைத் தேடி வந்தன. 1989-ல் மறைந்தார்.

1957-ல் வந்த 'வாட்ஸ் ஓபரா, டாக்?' கிடைத்தால் பாருங்கள். அதில் எல்மராகப் பாடுவது பிரையன். டைட்டிலில் குரல் என்று போட்டிருப்பது மெல் பிளாங்க் பெயரைத்தான்.