கடல்வழி வந்த மார்க்கம் – 9: கோவளத்துத் தமீம் யார்?

மாமல்லபுரத்திலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே இருபது கிலோமீட்டர் வந்தால் கோவளம். கைலாசநாதர் கோயில், கார்மேல் மாதா கோயில், தமீம் அன்சாரி தர்கா மூன்றும் அந்தச் சின்ன ஊருக்குள் அடங்கிவிடுகின்றன. தர்காவில் வியாழக்கிழமை மாலையில் கூட்டம் கூடும். காய்ச்சல் விடாத குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு தண்ணீர் ஓதி வாங்க நிற்கும் மீனவப் பெண்கள், மனநிலை சரியில்லாத மகனைக் கைப்பிடித்து அழைத்துவந்த தகப்பன்மார், பூவும் சர்க்கரையும் ஊதுபத்தியும் வாங்கிக்கொண்டு பாத்திஹாவுக்காகக் காத்திருக்கும் பட்டணத்துக் குடும்பங்கள். மயிலிறகுக் கட்டால் தலையில் தொட்டு அனுப்புகிறார்கள்.

இங்கே அடங்கியிருப்பது யார் என்று கேட்டால் எவரும் தயங்குவதில்லை. நபிகள் நாயகத்தின் நேரடித் தோழர். பத்ருப் போரில் நின்றவர். ஜின்கள் தூக்கிக்கொண்டு போக, பல ஆண்டுகள் காணாமற்போனவர். அவருடைய உடல் வைத்த பெட்டி கடலில் மிதந்து வந்து இந்த மணலில் ஒதுங்கியது. கோவளத்துக்காரர்கள் தலைமுறை தலைமுறையாக இப்படித்தான் சொல்லி வருகிறார்கள்.

சென்ற சில வாரங்களாக இஸ்லாத்தின் முதல் நூற்றாண்டைப் பற்றி உலக ஆய்வாளர்களிடையே நடக்கும் வழக்குகளைப் பார்த்துவந்தோம். அதே வழக்கை நம் வாசலில் வைத்துப் பார்க்கக் கோவளத்தைவிடப் பொருத்தமான இடம் இந்தக் கரையில் இல்லை.

முதலில் காலக்கணக்கு. பத்ருப் போர் நடந்தது 624-இல். உமர் கலீபாவாக இருந்தது 634 முதல் 644 வரை. அந்தப் பத்தாண்டுக்குள், 642-ஐ ஒட்டி, முதலாம் நரசிம்மவர்மப் பல்லவன் வாதாபியைக் கைப்பற்றினான். அவனுடைய மாமல்லன் என்ற பட்டப்பெயரே கடல்மல்லைக்கு மாமல்லபுரம் என்று நிலைத்தது. ஆக, நபித்தோழர்கள் உயிரோடு இருந்த தலைமுறையும் இந்தக் கரையின் பாறைகளில் உளி பட்ட தலைமுறையும் ஒன்றே. அன்றைக்கு அரேபியாவுக்கும் தமிழ்க் கரைக்கும் இடையே கப்பல் போக்குவரத்து இருந்ததா என்றால், இருந்தது. இந்தியாவில் ரோமானிய ஆம்போராத் துண்டுகள் என்று எடுத்து வைக்கப்பட்டவற்றில் பல, உள்ளே நிலக்கீல் பூசிய மெசபொத்தேமியச் சாடிகள் என்று ராபர்ட்டா டாம்பர் காட்டியிருக்கிறார். பாரசீக வளைகுடாவிலிருந்து வந்த சரக்கு அது. கல்பாக்கத்தை அடுத்த வசவசமுத்திரத்தில் மாநிலத் தொல்லியல் துறை தோண்டி எடுத்த சாடித் துண்டுகளையும் இந்தக் கண்ணோடு திரும்பப் பார்க்க வேண்டும் என்பது என் விருப்பம்.

அப்படியானால் ஒரு நபித்தோழர் கோவளம் வந்திருக்க முடியுமா? முடியும். ஆனால் முடியும் என்பதிலிருந்து வந்தார் என்பதற்குத் தாவக்கூடாது. இடையில் சாட்சி வேண்டும்.

அந்தச் சாட்சியைக் கேட்கும் வழக்கத்தை ஐரோப்பியர்கள் கண்டுபிடித்ததாகப் பலர் நினைக்கிறார்கள். அது சரியில்லை. ‘இதை உனக்கு யார் சொன்னார், அவருக்கு யார் சொன்னார்’ என்று சங்கிலியின் ஒவ்வொரு கண்ணியையும் தட்டிப் பார்க்கும் முறையை வளர்த்தெடுத்தவர்கள் முஸ்லிம் அறிஞர்களே. இஸ்னாத் என்ற அந்த அறிவிப்பாளர் வரிசை இல்லாத ஹதீஸுக்கு, அதாவது நபிமொழிக்கு, அவர்களிடம் மதிப்பில்லை. 870-இல் மறைந்த இமாம் புகாரியின் உழைப்பு முழுவதும் இப்படிச் சலித்தெடுப்பதில்தான் இருக்கிறது. இக்னாஸ் கோல்ட்ஸிஹர் 1890-இலும் யோசப் ஷாக்ட் 1950-இலும் கேட்டது அதற்கு அடுத்த கேள்வி: அந்த வரிசையே பின்னாளில் கட்டப்பட்டிருந்தால்? ஹரால்டு மோட்ஸ்கி 827-இல் மறைந்த அப்துர் ரஸ்ஸாக்கின் தொகுப்பைக் கையில் எடுத்து, ஷாக்ட் நினைத்ததைவிடப் பல அறிவிப்புகள் பழமையானவை என்று நிறுவினார். வழக்கு இன்னும் முடியவில்லை. என் பார்வையில் மோட்ஸ்கியின் பொறுமை மற்ற இருவரின் துணிச்சலைவிட நமக்கு அதிகம் கற்றுத்தருகிறது.

இனி தமீமிடம் வருவோம். இப்னு இஸ்ஹாக் எழுதி, 833-இல் மறைந்த இப்னு ஹிஷாம் திருத்திக் கொடுத்த நபி வரலாற்றில் பத்ருப் போரில் நின்றவர்களின் பெயர்ப் பட்டியல் குலவாரியாக இருக்கிறது. அதில் அன்சாரிகள், அதாவது நபிகளாருக்குத் துணைநின்ற மதீனத்தார், பகுதியில் தமீம் என்ற பெயர் மூன்று இடத்தில் வருகிறது. கஸ்ரஜ் குலத்துத் தமீம் இப்னு யஆர் ஒருவர். கிராஷ் இப்னு சிம்மாவின் மவ்லாவான, அதாவது அவரால் விடுதலை பெற்று அவர் குடும்பத்தைச் சார்ந்திருந்த, தமீம் இன்னொருவர். பனூ ஃகன்ம் குலத்தாரின் மவ்லாவான தமீம் மூன்றாமவர். மூவருமே பத்ரில் நின்ற தமீம் அன்சாரிகள்தான். கோவளத்தில் இருப்பவர் இவர்களில் யார் என்பதுதான் முதல் முடிச்சு.

அடுத்த முடிச்சு இதைவிடச் சுவையானது. நபித்தோழர்களில் மிகப் புகழ்பெற்ற தமீம் இந்த மூவரில் எவரும் இல்லை. அவர் தமீம் அத்தாரி. பாலஸ்தீனத்து லக்ம் குலத்தவர். கிறிஸ்தவராக இருந்து பின்னாளில் மதீனா வந்து இஸ்லாத்தைத் தழுவியவர். ஸஹீஹ் முஸ்லிமில் வரும் நீண்ட ஹதீஸ் ஒன்று அவருடைய கடல் பயணத்தைச் சொல்கிறது. கப்பல் புயலில் சிக்கி ஒரு தீவில் ஒதுங்குகிறது. உடலெல்லாம் முடி மூடிய விசித்திரப் பிராணி ஒன்று எதிர்ப்படுகிறது. உலக முடிவில் வெளிப்படுவான் என்று நம்பப்படும் பொய்யனான தஜ்ஜாலைச் சங்கிலியில் கட்டுண்ட நிலையில் அங்கே பார்க்கிறார்கள். அவருடைய அடக்கத்தலமாகப் பாலஸ்தீனத்தின் பைத் ஜிப்ரீன் சொல்லப்படுகிறது.

கடல், புயல், தீவு என்று தமீம் என்ற பெயரோடு தொடக்கத்திலேயே ஒரு கடற்கதை ஒட்டிக்கொண்டுவிட்டது. அது நூற்றாண்டுகளில் வளர்ந்தது. மலாய் மொழியில் ‘ஹிகாயத் தமீம் அத்தாரி’ என்று ஒரு கதைநூலே உண்டு. ஜின் அவரைத் தூக்கிச் செல்ல, மனைவி காத்திருந்து காத்திருந்து உமரிடம் போய் மறுமணத்துக்கு அனுமதி கேட்க, கடைசியில் அவர் திரும்பி வரும் கதை. கோவளத்தில் கேட்கும் கதையும் பெரும்பாலும் இதுதான். பெயர் மட்டும் தமீம் அன்சாரி. நாகப்பட்டினம், காயல்பட்டினம் மரைக்காயர் கப்பல்கள் மலாக்காவுக்கும் அச்சேவுக்கும் போய்வந்த நாட்களில் கதைகளும் சரக்கோடு ஏறி இறங்கியிருக்கின்றன. பாலஸ்தீனத்துத் தமீமின் கதையைப் பத்ருத் தமீமின் பெயரில் ஏற்றி, அதை இந்தக் கரையின் ஒரு கபுரோடு மக்கள் சேர்த்திருக்கிறார்கள் என்றே நான் கருதுகிறேன். பெட்டி மிதந்து வந்ததையும் இங்கே வைத்துத்தான் பார்க்க வேண்டும். மயிலாப்பூரில் புனித தோமையார் கதையில் ஒரு மரம் கடலில் மிதந்து வருகிறது. பூரியில் ஜகந்நாதருக்கு மரம் கடல்வழி வருகிறது. இந்தக் கிழக்குக் கடல் எந்தச் சமயத்தாருக்கும் தெய்வத்தைக் கொண்டுவந்து கரை சேர்த்திருக்கிறது.

இப்படிச் சொன்னால் தர்காவின் மரியாதை குறையும் என்று சிலர் வருந்துவார்கள். அவர்களுக்கு நான் 16-ஆம் நூற்றாண்டு மலபாரைக் காட்டுவேன். சேர மன்னர் சேரமான் பெருமாள் மக்கா சென்று நபிகளாரையே சந்தித்தார் என்ற கதையை, மலபாரில் வாழ்ந்த மார்க்க அறிஞர் ஸைனுத்தீன் மக்தூம் தம் ‘துஹ்ஃபத்துல் முஜாஹிதீன்’ நூலில் எழுதும்போது, மக்கள் நம்புவதைச் சொல்லிவிட்டு, அது ஹிஜ்ரிக்கு இருநூறு ஆண்டுகளுக்குப் பின் நடந்திருக்கவே வாய்ப்பு அதிகம் என்று தம் கருத்தையும் சேர்த்தார். போர்ச்சுகீசியரை எதிர்த்து நிற்க முஸ்லிம்களை அழைப்பதற்காகவே எழுதப்பட்ட நூல் அது. கதையைப் பெரிதாக்க அவருக்கு எல்லாக் காரணமும் இருந்தது; அவர் பெரிதாக்கவில்லை. இந்த நூலை 1942-இல் ஆங்கிலத்தில் தந்தவர் சென்னைப் பல்கலைக்கழகத்து முகம்மது ஹுசைன் நைனார்.

இஸ்லாத்தின் முதல் நூற்றாண்டுக்கான சாட்சி எப்படி இருக்கும் என்று தெரிந்துகொள்ள ஒரு துண்டுப் பாப்பிரஸ் போதும். எகிப்தில் எழுதப்பட்டு இன்று வியன்னாவில் இருக்கிறது. கிரேக்கத்திலும் அரபியிலும் எழுதிய ரசீது. அரபுப் படை 65 ஆடுகள் பெற்றுக்கொண்டதற்கான ஒப்புகை. 50 ஆடு முதலில், பிறகு 15. ஹிஜ்ரி 22 என்ற ஆண்டு அதில் தெளிவாக இருக்கிறது. அதாவது 643, உமரின் காலம். பெருமை பேச எழுதியதில்லை, ஆட்டுக் கணக்குக்காக எழுதியது. அதனாலேயே அதை நம்ப முடிகிறது. பேட்ரிஷியா க்ரோனும் மைக்கேல் குக்கும் 1977-இல் முஸ்லிம் நூல்களை ஒதுக்கிவிட்டு வெளியார் குறிப்புகளை வைத்தே வரலாறு எழுத முயன்றார்கள். அந்த முடிவுகள் நிற்கவில்லை. ஆனால் இத்தகைய சமகாலச் சான்றுகளின் பக்கம் எல்லோரையும் திருப்பியதில் அவர்களுக்குப் பங்குண்டு.

தமிழ்க் கரையில் இதற்கு ஈடான 7-ஆம் நூற்றாண்டுச் சான்று ஏதும் என் கண்ணில் படவில்லை. உமர் காலத்தில் ஓமன் பக்கத்து ஆளுநர் இந்திய மேற்குக் கரையின் தானாவுக்குக் கப்பற்படை அனுப்பியதையும், கேட்காமல் கடலில் ஆட்களை இறக்கியதற்காகக் கலீபா கோபித்துக்கொண்டதையும் பலாதுரி எழுதுகிறார். அவர் மறைந்தது 892-இல்; அதுவும் காலம் கடந்த சாட்சிதான். தென்கரையில் கை வைத்துச் சொல்லத்தக்கது 849-இன் கொல்லம் தரிசாப்பள்ளிச் செப்பேடு. அதில் சாட்சிகள் கூஃபி எழுத்து அரபியில் கையொப்பமிட்டிருக்கிறார்கள். இன்னொரு தடயம் மக்களிடமே இருக்கிறது. நம் கரையோர முஸ்லிம்கள் பெரும்பாலும் ஷாஃபி மதுஹப் என்ற சட்டமரபைப் பின்பற்றுகிறவர்கள். இமாம் ஷாஃபி மறைந்தது 820-இல். யமன், ஹள்ரமவுத் கரைகளோடு அதற்குப் பின் நீடித்த உறவை அது சொல்கிறது.

கோவளத்துக்கு இவ்வளவும் போதாது. 18-ஆம் நூற்றாண்டில் ஆற்காட்டு நவாபுகள் இங்கே சாதத் பந்தர் என்ற துறைமுகக் கோட்டையை வைத்திருந்தார்கள். 1752-இல் கிளைவ் அதைப் பிடித்துத் தகர்த்தார். நவாபுகளின் பாரசீக ஏடுகளில் தர்காக்களைப் பற்றி நிறைய இருக்கிறது. 1823-இல் நவாப் ஆசம் ஜாவின் நாகூர்ப் பயணத்தை விவரிக்கும் நூலையும் நைனாரே மொழிபெயர்த்தார். இந்த ஏடுகளில் கோவளத்தைத் தேடி எடுத்து, தர்கா வளாகத்துக் கல்லறைகளின் பழைய மீஸான் கற்கள் ஒவ்வொன்றையும் மைப்படி எடுத்து, லெப்பைமார் வாய்மொழியாகச் சொல்வதைப் பதிந்து, மூன்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்க ஒரு பல்கலைக்கழகம் முன்வர வேண்டும். கடல் காற்றில் எழுத்து உதிர்ந்துகொண்டே இருக்கிறது. தள்ளிப்போடக் கூடாத வேலை.

அடுத்த வாரம் திருச்சி. கோட்டை ரயில் நிலையத்தை அடுத்த சின்னக் கல் பள்ளிவாசலில் ஹிஜ்ரி 116 என்று படிக்கப்படும் அரபுக் கல்வெட்டைப் பார்ப்போம்.

(தொடரும்)